சுடப்பட்டு விழுந்தவரின் பெயர் என்ன?

தலைவர் அவர்களே, வாடகை வாங்காமல் இந்த அரங்கைத் திறந்துவிட்ட நூலகர் அவர்களே, புரொஜக்டரோடு மல்லுக்கட்டிய தம்பிகளே, மழையிலும் வந்த நண்பர்களே, வணக்கம். நூலகர் ஐயா இல்லையென்றால் நம் திரைப்பட வட்டம் இன்னும் டீக்கடை பெஞ்சில்தான் இருக்கும். அவருக்கு ஒரு கைதட்டல் கொடுங்கள்.

துணை நடிகரின் வாழ்க்கை, கூலி, பெயர் என்று மூன்று விஷயம் பேச வந்தேன்.

சிறு துரும்பும் பல் குத்த உதவும் என்பார்கள். ஜப்பானியத் துணை நடிகர் தகுசோ கவதானி அப்படியொரு துரும்பு. 1941-ல் மஞ்சூரியாவில் பிறந்தவர். கியோத்தோவில் தோயெய் ஸ்டுடியோவின் சில்லறை வேட நடிகர்களுக்கு 'பெரிய அறைக்காரர்கள்' என்றே பெயர். நட்சத்திரத்துக்குத் தனி அறை, இவர்கள் எல்லோருக்கும் சேர்த்து ஒன்று. அங்கிருந்து போய் வாள்சண்டைப் படத்தில் வெட்டுப்பட்டுச் செத்தார், யாகுசா என்கிற ஜப்பானிய ரௌடிக் கும்பல் படத்தில் சுடப்பட்டுச் செத்தார். மூவாயிரம் முறை செத்தவர் என்பார்கள்.

சற்றுமுன் பார்த்தீர்களே, இயக்குநர் கிஞ்சி ஃபுகசாக்கு தன் யாகுசா பட வரிசையில் 1973-ல் எடுத்த ஹிரோஷிமா படம். அதில் ஒருவரைக் கட்டி மோட்டார் படகுக்குப் பின்னால் தண்ணீரில் இழுத்துப் போகிறார்களே, அவர்தான் இவர். டூப் இல்லை. படகு வேகமெடுக்க எடுக்க ஆள் தண்ணீருக்குள் போவதும் மேலே வருவதுமாக இருக்கிறார். அதோடு விட்டார்களா? கட்டித் தொங்கவிட்டுக் குறிபார்த்துச் சுடுகிறார்கள். முன்வரிசையில் ஒரு அம்மா, "போதும், விட்ருங்கடா பாவிகளா!" என்று கத்தியேவிட்டார். விளக்கு போட்டதும் அவரிடம் போய், "யாரம்மா அது?" என்று கேட்டேன். "தெரியலையேப்பா, பெயர் போடலையே" என்றார்.

அதுதான் என் வழக்கு. இந்த வரிசைப் படங்களில் ரௌடி செத்தால்கூட காட்சியை உறையவைத்து, அவன் பெயரையும் செத்த நாளையும் திரையில் எழுதுகிறார் ஃபுகசாக்கு. ஆனால் நடித்துச் செத்தவர் பெயர் ஜப்பானிய எழுத்தில் ஓடி மறைகிறது. நம் சப்டைட்டிலில் அதற்கு ஒரு வரி இல்லை.

சிறு துரும்பும் பல் குத்த உதவும், சரி. இந்தத் துரும்புகளுக்கோ பல்லே முளைத்தது. 1975-ல் ஹிதேயோ முரோத்தா, மசாரு ஷிகா, கவதானி என்று சில்லறை வேட நடிகர்கள் எல்லோரும் சேர்ந்து 'பிரானா படை' என்று பெயர் வைத்துக்கொண்டார்கள். கூட்டமாக வந்து கடிக்கிற சின்ன மீன். மறு வருடமே கவதானி கதாநாயகன். 1995-ல், 54 வயதில் போய்விட்டார்.

கூலி பற்றிப் பேச நேரமில்லை, தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். ஒரே வேண்டுகோள். அடுத்த மாதம் முதல் நம் துண்டறிக்கையில் அடியாள்வரை எல்லா நடிகர் பெயரும் தமிழில் வரவேண்டும். ஜப்பானிய எழுத்து வாசிக்கத் தெரிந்த இரண்டு பேர் போதும். நூலகர் மேசையில் ஒரு நோட்டு வைத்திருக்கிறேன், பெயர் எழுதிவிட்டுப் போங்கள்.