300 கடன், 200 கொடுத்தாச்சு, மீதி பூஜ்யமா?

வணக்கம். 600 ரூபாயில் பாதியை, அதாவது 300 ரூபாயை, நண்பரிடம் கடன் வாங்கினேன். அப்புறம் அதே 600இல் மூன்றில் ஒரு பங்கை, 200 ரூபாயை, திருப்பிக் கொடுத்தேன். "கணக்கு தீர்ந்தது" என்று கிளம்பினால் விடுவாரா? சட்டையைப் பிடிப்பார்.

(திரையில்: −1/2 + 1/3)

தாளில் பின்னங்களைக் கூட்டும்போது மட்டும் நாம் துணிந்து இதைச் செய்கிறோம். மேலே −1 + 1 = 0, கீழே 2 + 3 = 5, ஆக 0/5. கடன் காலி!

பகுதி, அதாவது பின்னத்தில் கீழே இருப்பது, கூட்டுவதற்கான எண்ணே அல்ல. துண்டு எவ்வளவு பெரியது என்று சொல்கிற பெயர். பாதியும் மூன்றில் ஒன்றும் வேறு வேறு அளவு. அதனால் முதலில் சில்லறை மாற்ற வேண்டும். 600இல் ஆறில் ஒரு பங்கு ஒரு நூறு ரூபாய்த் தாள். கடன் மூன்று தாள், கொடுத்தது இரண்டு தாள். −3/6 + 2/6 = −1/6. இன்னும் ஒரு நூறு பாக்கி. பள்ளியில் மீ.சி.ம. (மீச்சிறு பொது மடங்கு) என்று பயமுறுத்தினார்களே, அது இந்தச் சில்லறைதான்.

குறை எண்ணைக் கடனாகப் பார்ப்பது என் யோசனை இல்லை. இந்தியக் கணித அறிஞர் பிரம்மகுப்தர் கி.பி. 628லேயே அப்படித்தான் விதி எழுதினார்.

சரி, எனக்குப் பிடித்த இடத்துக்கு வருகிறேன்: பழந்தமிழர் பின்னங்களுக்கு வைத்த பெயர்கள். முக்கால் என்றால் மூன்று கால். அரைக்கால் என்றால் காலில் பாதி, 1/8. மாகாணி? மாவும் காணியும்! மா என்பது 1/20, காணி என்பது 1/80. பகுதிகள் வேறு வேறு. கூட்டிப் பாருங்கள்: 4/80 + 1/80 = 5/80 = 1/16. மாகாணி என்றால் சரியாக 1/16. நாம் திணறுகிற கணக்கை ஒரே சொல்லுக்குள் முடித்து வைத்திருக்கிறார்கள்!

இவர்களுக்கும் ஒரு சில்லறை உண்டு: முந்திரி, 1/320. கொறிக்கிற முந்திரி இல்லை. மா 16 முந்திரி, காணி 4 முந்திரி, மாகாணி 20 முந்திரி. முந்திரியாக மாற்றிவிட்டால் வெறும் முழு எண் கூட்டல்தான். மூன்றில் ஒரு பங்கு மட்டும் இதில் அடங்காது, 320 மூன்றால் வகுபடாதே. போகட்டும்.

கழித்தலுக்கு வருவோம், சீக்கிரம் முடித்துவிடலாம்.

(திரையில்: −3/4 − (−5/6))

குறை அடையாளத்தைத் தொகுதியோடு, அதாவது மேலே இருக்கும் எண்ணோடு, ஒட்டிவிடுங்கள். மீ.சி.ம. 12. இப்போது −9/12 − (−10/12). கடனைக் கழிப்பது என்றால் தள்ளுபடி; அதனால் −9/12 + 10/12 = 1/12. நான்கையும் ஆறையும் பெருக்கி 24 போட்டாலும் குற்றமில்லை. 2/24 வரும், சுருக்கிக்கொள்ளுங்கள்.

உங்களுக்கு ஒன்று: அரைக்கால் கடன், மா கொடுத்தாச்சு. −1/8 + 1/20 எவ்வளவு? முந்திரியில் போட்டாலும் சரி, மீ.சி.ம.வில் போட்டாலும் சரி, கமெண்டில் எழுதுங்கள். 0/28 என்று எழுதுகிறவருக்கு நான் கைமாற்றுகூடத் தர மாட்டேன்.