பாலத்துக்குக் கூரை எதற்கு? கூலி கொடுத்துப் பனியை உள்ளே கொட்டிய கிராமங்கள்

[காட்சி: பனி மூடிய ஆற்றங்கரை, கூரையிட்ட நீண்ட மரப்பாலம்]

வணக்கம். பனி கொட்டும் நாட்டில் ஆற்றின் குறுக்கே மரப்பாலம் ஒன்றைக் கட்டி, அதன் முழு நீளத்துக்கும் கூரையும் பக்கச் சுவர்களும் அமைத்துவிட்டு, பனிக்காலம் வந்ததும் ஆட்களுக்குக் கூலி கொடுத்து, வெளியே கிடக்கும் பனியை அள்ளி வந்து அந்தக் கூரைக்கு உள்ளேயே பரப்பச் சொன்னால் அதை எப்படிப் புரிந்துகொள்வது? அமெரிக்காவின் வடகிழக்கில் உள்ள நியூ இங்கிலாந்துக் கிராமங்கள் 19ஆம் நூற்றாண்டில் இதைத்தான் செய்தன. காரணத்தைச் சொல்வதற்கு முன் அப்படிப்பட்ட பாலம் ஒன்றைப் பார்த்துவிடுவோம்.

இது கார்னிஷ்–வின்சர் பாலம். கனெக்டிகட் ஆற்றின் ஒரு கரையில் நியூ ஹாம்ப்ஷயரின் கார்னிஷ், மறு கரையில் வெர்மான்ட்டின் வின்சர். 1796 முதல் இதே இடத்தில் மூன்று பாலங்கள் கட்டப்பட்டு, மூன்றும் வெள்ளத்தில் போயின. இப்போது நிற்பது நான்காவது. 1866ஆம் ஆண்டு ஜேம்ஸ் டாஸ்கர், பேலா பிளெச்சர் என்னும் இருவர் 9,000 டாலர் செலவில் இதைக் கட்டினார்கள். சுமார் 450 அடி நீளமுள்ள இந்தப் பாலத்துக்கு இரண்டே கண்கள். ஒவ்வொன்றும் 200 அடிக்கு மேல் அகலம்.

[காட்சி: பாலத்தின் உட்பக்கம், குறுக்கும் நெடுக்குமான மரங்கள்]

நடுவில் ஒரே ஒரு தூணை மட்டும் வைத்துக்கொண்டு இவ்வளவு அகலத்தை மரம் எப்படித் தாண்டுகிறது என்பதற்கான விடை பக்கச் சுவர்களுக்குள் இருக்கிறது. மூங்கில் தட்டி முடைவதைப் போல மரங்களைச் சாய்வாக ஒன்றையொன்று வெட்டிச் செல்லும்படி அமைத்து, அந்தப் பின்னலையே பாரம் தாங்கும் சட்டகமாக ஆக்கும் முறைக்கு, இத்தியேல் டவுன் என்ற கட்டடக் கலைஞர் 1820இல் காப்புரிமை பெற்றார். அவருடைய முறையில் எனக்கு மிகவும் பிடித்தது, அது பெரிய நிபுணர்களை எதிர்பார்க்கவில்லை என்பதுதான்: உள்ளூர் மர அறுவை ஆலையில் கிடைக்கும் பலகைகளும் உள்ளூர்த் தச்சர்களும் போதும், ஒரு கிராமம் தன் பாலத்தைத் தானே கட்டிக்கொள்ளலாம். கார்னிஷ்–வின்சர் பாலத்தில் பலகைகளுக்குப் பதிலாகக் கனமான சதுர மரங்களைப் பள்ளம் வெட்டிப் பொருத்தினார்கள்.

இனிக் கூரைக்கு வருவோம். பயணிகள் நனையாமல் இருக்க என்பார்கள், குதிரை ஆற்றைக் கண்டு மிரளாமல் இருக்க என்பார்கள், பாதையில் பனி விழாமல் இருக்க என்பார்கள். இவை எதுவும் முதன்மைக் காரணமல்ல. மழையும் வெயிலும் மாறி மாறிப் படும் மரம், குறிப்பாக இரண்டு மரங்கள் சேரும் மூட்டுகளில் நீர் தங்கும்போது, விரைவில் உளுத்துப்போகும். 1805இல் பிலடெல்பியாவில் திறக்கப்பட்ட பெரிய மரப்பாலத்தைக் கட்டிய திமோதி பாமர், கூரையில்லாவிட்டால் அது பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளே நிற்கும், நன்றாக மூடினால் முப்பது, ஒருவேளை நாற்பது ஆண்டுகள்கூட நிற்கும் என்று கணித்தார். அந்தக் கணிப்பையும் தாண்டி, மூடிய பல பாலங்கள் நூறாண்டுக்கு மேல் நின்றிருக்கின்றன. கூரைப் பலகை கெட்டால் மாற்றிவிடலாம்; சட்டகம் கெட்டால் பாலமே போயிற்று. எளிதில் மாற்றக்கூடிய ஒன்றை முன்னே நிறுத்தி, மாற்ற முடியாததைக் காத்த இந்த யோசனையை எத்தனை முறை எண்ணினாலும் எனக்கு வியப்பு தீர்வதில்லை.

ஆனால் கூரை தன் வேலையைச் செய்ததாலேயே ஒரு புதுச் சிக்கல் வந்தது. குளிர்காலத்தில் அங்கே எல்லாப் போக்குவரத்தும் சக்கரமில்லாத சறுக்கு வண்டிகளில்தான் நடந்தது. பாதை முழுதும் பனியில் வழுக்கி வரும் வண்டி, பாலத்துக்குள் நுழைந்ததும் காய்ந்த பலகையில் உராய்ந்து நின்றுவிடும். பாரம் ஏற்றிய வண்டியைக் குதிரைகளால் இழுக்க முடியாது. அதனால்தான் ஊர்கள் கூலி கொடுத்துப் பாலத்துக்குள் பனியைப் பரப்பின. பாதையில் பனி விழாமல் இருக்கவே கூரை என்பவர்களுக்கு இதைவிடச் சிறந்த பதில் வேறில்லை. உங்களுக்குத் தெரிந்த கூரையிட்ட பாலம் எந்த நாட்டில் இருந்தாலும் கருத்துப் பகுதியில் எழுதுங்கள். அங்கே சொல்லப்படும் காரணத்தையும் சேர்த்து எழுதுங்கள்.

[காட்சி: நுழைவாயிலின் மேலுள்ள பழைய அறிவிப்பு]

வாயிலின் மேலுள்ள இந்த அறிவிப்பு, குதிரையை நடத்திச் செல்லுங்கள், இல்லையேல் இரண்டு டாலர் அபராதம் என்கிறது. குதிரைகள் தாளம் தப்பாமல் ஓடினால் சட்டகம் அதிரும் என்ற அச்சமே இதற்குக் காரணம். தனியார் நிறுவனத்தின் சுங்கப் பாலமாக இருந்த இதை 1936இல் நியூ ஹாம்ப்ஷயர் மாநிலம் வாங்கியது. 1943இல் சுங்கம் நீங்கியது. எல்லைக்கோடு வெர்மான்ட் கரையோரத்தில் செல்வதால், ஏறக்குறைய முழுப் பாலமும் நியூ ஹாம்ப்ஷயருக்கே உரியது.

நீளத்தில் அமெரிக்காவின் முதலிடத்தை 2008இல் ஒகையோவின் 613 அடி ஸ்மோலன்–கல்ஃப் பாலத்திடம் இது இழந்தது. ஆனால் அது புதியது. இதுவோ 1987இல் மூடப்பட்டு, தொய்ந்துபோன சட்டகத்துக்குத் துணையாக ஒட்டிச் சேர்த்த அடுக்கு மர விட்டங்கள் பொருத்தப்பட்டு, 1989இல் மீண்டும் திறக்கப்பட்டது. பழைய மரத்தோடு புதியதைச் சேர்க்கலாமா என்று கேட்பவர்கள் உண்டு. சேர்த்தது சரி என்பதே என் உறுதியான கருத்து. அப்படிச் சேர்த்ததால்தான் 1866ஆம் ஆண்டின் பாலத்தில் இன்றும் கார்கள் செல்ல முடிகிறது.