ஏகாதசி விரதம் என்றைக்கு, பாரணை எத்தனை மணிக்கு?

[திரையில்: தினசரி காலண்டர் தாள். ஒரு வரி மட்டும் பெரிதாக.]

"இன்று அதிகாலை 4.50 வரை தசமி, பின்பு ஏகாதசி." விரதம் இன்றைக்கா, நாளைக்கா? விரதத்தை முடித்துச் சாப்பிடும் பாரணை எப்போது? சூரிய உதயம் 6.00 மணி என்று வைத்துக்கொள்வோம்.

[படம்: சூரியன், சந்திரன், இடையே கோணம்.]

சூரியனிடமிருந்து சந்திரன் 12 பாகை விலகினால் ஒரு திதி. 120 முதல் 132 பாகை வரை வளர்பிறை ஏகாதசி, 300 முதல் 312 வரை தேய்பிறை ஏகாதசி. சந்திரன் ஒரே வேகத்தில் நகர்வதில்லை. அதனால் ஒரு திதி 20 மணி நேரத்திலும் முடியும், 26 மணி நேரமும் நீளும்.

ஸ்மார்த்தர்கள் (சிவன், விஷ்ணு இருவரையும் வணங்கும் மரபினர்) உதயத்தில் என்ன திதி என்று பார்ப்பார்கள். 6 மணிக்கு ஏகாதசிதான், ஆகவே இன்றே விரதம். வைஷ்ணவர்கள் பார்ப்பது அருணோதயம்: உதயத்துக்கு 4 நாழிகை, அதாவது 96 நிமிடம் முன்பு. மணி 4.24. அப்போது தசமி போகவில்லை, இன்னும் 26 நிமிடம் பாக்கி. இதுதான் தசமி வேதை. விரதம் மறுநாளுக்குத் தள்ளிப்போகும். ஒரே தெருவில் இரண்டு நாள் ஏகாதசி வருவது இப்படித்தான். வாக்கியம், திருக்கணிதம் என்ற இரண்டு வகைப் பஞ்சாங்கங்களிலும் திதி முடியும் நேரம் வேறு. விரத நாளை ஒன்றிலும் பாரணையை இன்னொன்றிலும் பார்த்தால் கணக்கு உதைக்கும்.

(வைகுண்ட ஏகாதசி 2024-இல் வரவே இல்லை, 2025-இல் ஜனவரி 10, டிசம்பர் 30 என்று இரண்டு. மார்கழி இரண்டு ஆங்கில வருடங்களில் கால் வைப்பதால் வரும் வேடிக்கை.)

[படம்: கடிகாரம், 3.00 முதல் 8.30 வரை சிவப்பு.]

பலர் தவறுவது பாரணையில். நம் உதாரணத்தில் ஏகாதசி மறுநாள் அதிகாலை 3.00-க்கு முடிகிறது. துவாதசி 22 மணி நேரம். அதன் முதல் கால் பங்கு, ஐந்தரை மணி நேரம், ஹரிவாசரம். அதிலும் சாப்பிடக் கூடாது. ஆக, இன்று விரதம் இருந்தவர் மறுநாள் உதயமானதும் இலை போடக் கூடாது. 8.30 தாண்ட வேண்டும்.

[படம்: அகத்திக்கீரை உருவும் கை.]

பாரணைக்கு அகத்திக்கீரை, நெல்லிக்காய், சுண்டைக்காய். புளி வேண்டாம். விரத நாளில் தானியம், பருப்பு கிடையாது என்பது தெரிந்ததுதான். பெருங்காய டப்பாவைத் திருப்பிப் பாருங்கள். கூட்டுப் பெருங்காயத்தில் பெரும்பாலும் கோதுமை மாவோ மைதாவோ இருக்கும். ரவை உப்புமாவும் கோதுமைதான், பலகாரம் என்று பெயர் மாற்றினால் ஆகிவிடாது.

சில மாதம் உதயத்துக்குப் பின் துவாதசி அரை மணி நேரம்கூட இருக்காது. அது முடிவதற்குள் பாரணை ஆக வேண்டும், அடுப்பில் சாதம் வேகட்டும் என்று காத்திருக்க வேண்டாம். துளசி தீர்த்தம் ஒரு வாய் குடித்தால் பாரணை ஆயிற்று, சாப்பாடு பிறகு. அந்தத் துளசியைத் தசமியன்றே பறித்து வையுங்கள். துவாதசியில் செடியைத் தொடக் கூடாது.