இரண்டு வாரத்தில் எடுத்த படம்

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். ஜெர்மன் நடிகை பிரிகிட்டே மிராவின் பெயரை நிலைநிறுத்தியது பெரிய திரையா, சின்னத்திரையா? பெரிய திரைதான் என்று பேச வந்திருக்கிறேன்.

எதிரணித் தோழி அந்த பெர்லின் தொலைக்காட்சித் தொடரைப் பற்றி ஆசையாகப் பேசினார். மூன்று தலைமுறைப் பெண்கள் நடத்தும் சாசேஜ் கடை, அதில் மிராதான் பாட்டி. 1977-ல் தொடங்கிப் பத்தாண்டுக்கு மேல் வீடு வீடாகப் போன முகம். சரி, மறுக்கவில்லை. ஆனால் அந்தக் கடையில் வந்து நிற்பதற்கு முன்பே, 1974-ல், அவர் ஜெர்மன் திரைப்பட விருதை வாங்கிவிட்டாரே!

அந்த விருதைத் தேடித்தந்த படம், ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டர் சுமார் இரண்டே வாரத்தில் எடுத்த 'பயம் ஆன்மாவைத் தின்னும்'. அதுவரை மிரா ஓப்பரெட்டா என்ற இலகுவான இசை நாடகம், காபரே, சிரிப்பு வேடம் என்று ஓடிக்கொண்டிருந்தவர். 63 வயதில் கதாநாயகி ஆனார். படத்தில் அவர் எம்மி என்ற துப்புரவுத் தொழிலாளி, கணவனை இழந்தவள். தன்னைவிட மிக இளையவனான மொராக்கோ தொழிலாளி அலியை மணக்கிறாள். செய்தி கேட்ட மகன் எழுந்து போய் டிவி பெட்டியை எட்டி உதைத்து உடைக்கிறான். தாய் முகத்தில் அலறல் இல்லை, அப்படியே வாடிப்போகிறது.

ஒரு காட்சியை மட்டும் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். எம்மி அலியிடம் தன் அப்பாவைப் பற்றிப் பேசுகிறாள். அவர் ஹிட்லர் கட்சிக்காரர், நானும் கட்சியில் இருந்தேன், அநேகமாக எல்லாருமே இருந்தோம் என்கிறாள், ஏதோ ரேஷன் கார்டு வைத்திருந்ததைச் சொல்வது போல. அதைச் சொல்லும் மிரா யார்? ரஷ்ய யூதப் பியானோ கலைஞரின் மகள். நாஜி ஆட்சியில் தன் பிறப்பை மறைத்துக்கொண்டு மேடை ஏறியவர். அப்புறம் திருமணம் நடந்த அன்று விருந்துக்கு எம்மி அலியை எங்கே கூட்டிப்போகிறாள்? ஹிட்லர் சாப்பிட்ட உணவகத்துக்கு. 'எனக்கு எப்போதும் இங்கே வர ஆசை' என்று பூரிக்கிறாள். அந்தக் கள்ளமில்லாத சந்தோஷத்தை அவர் நடித்திருப்பதைப் பார்க்கும்போது எனக்குத் தொண்டை அடைக்கும்.

ஃபாஸ்பிண்டரே அவரைத் தொலைக்காட்சிக்கும் அழைத்தார், 1980-ல் 'பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்' தொடரில் வீட்டுக்காரம்மாவாக. எதிரணி அதைத் தங்கள் கணக்கில் எழுத வேண்டாம். எம்மியைக் கண்டெடுத்த இயக்குநர் அல்லவா அழைத்தார்!

நடுவர் அவர்களே, தீர்ப்பு எழுதும் முன் அந்த உணவகக் காட்சியை ஒருமுறை பாருங்கள்.