கிடங்குக்குள்ள இறங்குறதுக்கு முன்னாடி: தின்னர் பத்திக் கொஞ்சம் பேசணும்

வணக்கம் சொந்தங்களே. கச்சான் காத்து போட்டு அடிக்குது. மைக்குல துணி சுத்தியிருக்கேன், இருந்தும் இரைச்சல் வரும், பொறுத்துக்கோங்க. பாம்பன் கரையில நிக்கிறேன். பின்னால தெரியுதுல்ல, கரையேத்தி முட்டுக் குடுத்து நிறுத்தியிருக்காங்களே ஒரு விசைப்படகு, அதுலதான் அப்பா வேலை பாக்குறார்.

ஏப்ரல் 15-லேர்ந்து ஜூன் 14 வரைக்கும் தடைக்காலம். 61 நாள். இந்த நாள்ல மீன்காரங்க எல்லாம் சும்மா இருப்பாங்கன்னு வெளியூர் ஆளுங்க நினைக்கிறாங்க. வருசத்துலயே கரையில அதிகமா வேலை ஓடுறது இப்பதான். பலகை மாத்துறது, பலகை இடுக்கை அடைக்கக் கலப்பத்து அடிக்கிறது, ஃபைபர் ஒட்டுறது, இஞ்சின் இறக்குறது, கடைசியா பெயிண்ட். நம்பர் எழுதி முடிச்சாத்தான் படகு கடலுக்குத் தயார். ராமேஸ்வரத்துலேர்ந்து தொண்டி வரைக்கும் எந்தக் கரைக்குப் போனாலும் இப்ப ஒரே வாசம்தான். பெயிண்டை இளக்கக் கலக்குறோமே, அந்தத் தின்னர் வாசம்.

அந்தத் தின்னரைப் பத்தித்தான் இன்னைக்குப் பேசப் போறேன்.

போன தடைக்காலத்துல நடந்ததை முதல்ல சொல்லிடுறேன். அப்பா முப்பது வருசமா படகுக்குப் பெயிண்ட் அடிக்கிறவர். ஒரு படகுல ஐஸ் கிடங்குக்குள்ள இறங்கி அடிச்சுக்கிட்டு இருந்தார். வாய் சின்னது, ஒரு ஆள் உடம்பைக் குறுக்கி இறங்குற அளவு. பெயிண்ட் கெட்டியா இருக்குன்னு தின்னர் டின்னையும் உள்ள எடுத்துக்கிட்டுப் போயிட்டார். முக்கால் மணி நேரம் இருக்கும். மேல நின்ன என் சித்தப்பா மகன், "பெரியப்பா, டீ வந்துருச்சு"ன்னு குரல் குடுத்தான். பதில் இல்ல. மறுபடி கூப்பிட்டான். உள்ள இருந்து பாட்டுச் சத்தம் கேட்டுச்சு. எங்க அப்பா பாடி நாங்க யாரும் கேட்டதே இல்ல.

எட்டிப் பாத்தா சுவத்துல சாஞ்சு நிக்கிறார், கையில பிரஷ்ஷு, வாய் குழறுது. தம்பி உடனே உள்ள குதிக்கப் போனான். பக்கத்துப் படகுல வலை பிரிச்சுக்கிட்டு இருந்த ஒரு பெரியவர் ஓடி வந்து அவன் சட்டையைப் பிடிச்சு இழுத்தார். "நீயும் விழுந்துட்டா உன்னை யாருடா தூக்குறது?"ன்னு கேட்டார். கயிறைப் போட்டாங்க. நல்லவேளை, அப்பாவுக்குக் கயிறைக் கக்கத்துல மாட்டிக்கிற அளவுக்கு நினைப்பு இருந்துச்சு. தூக்கி மணல்ல போட்டதும் வாந்தி. ரெண்டு நாள் தலைவலி.

நான் வேதியியல் படிச்சவ. அந்த டின்னுல என்ன இருக்குன்னு எனக்குத் தெரியும். தெரிஞ்சும் ஒரு நாள்கூட அப்பாகிட்ட உக்காந்து சொன்னதில்ல. அந்த உறுத்தல்லதான் இந்த வீடியோ.

தின்னர்ங்கிறது ஒரே சரக்கு இல்ல, கலவை. என்.சி. தின்னர்னு கடையில குடுக்குறதுல பெரும்பாலும் டொலுயீன் இருக்கும். அதுகூட அசிடோன் மாதிரி வேற சிலது சேரும், சிலதுல மெத்தனாலும் இருக்கும். டொலுயீன் நமக்குப் புதுசு இல்ல. பெட்ரோல்ல இருக்கு, ஒட்டுற பசையில, அச்சு மையில இருக்கு. நல்லாக் கரைக்கும், சீக்கிரம் ஆவியாயிடும், அதான் வேலைக்குத் தோதா இருக்கு. ஆவியாகி அது எங்க போகுதுங்கிறதுலதான் நம்ம சிக்கலே.

மேல போகாது. டொலுயீன் ஆவி காத்தை விட மூணு மடங்கு கனம். தண்ணி மாதிரி பள்ளத்துல போய்த் தங்கும். கரையில நின்னு அடிச்சா கச்சான் காத்து தூக்கிட்டுப் போயிடும். கிடங்கு, இஞ்சின் ரூம், தண்ணி டேங்க், இதுக்குள்ள எல்லாம் தங்கிடும். நாம குனிஞ்சு அடிக்கிறப்ப மூக்கு அதுக்குள்ளதான் முங்கியிருக்கு.

ஒரு கணக்கு போட்டுக் காட்டுறேன், மணல்லயே எழுதுறேன் பாருங்க. நீளம் இரண்டரை மீட்டர், அகலம் ரெண்டு, உயரம் ரெண்டு. பத்துக் கன மீட்டர் கிடங்கு, அதாவது 10,000 லிட்டர் காத்து. ஒரு மில்லி டொலுயீன் முழுசா ஆவியானா கிட்டத்தட்ட கால் லிட்டர் ஆவி வரும். அப்ப ஒரு சின்ன ஸ்பூன், 5 மில்லி, ஆவியானாலே பத்து லட்சத்துல 100 பங்கைத் தாண்டிடும். நாள் முழுக்க வேலை பாக்குறவங்களுக்கு அமெரிக்காவுல வேலையிடப் பாதுகாப்பை ஆராயுற நியாஷ் நிறுவனம் சொல்ற சராசரி அளவே அந்த 100 தான். 500 பங்கு வந்துட்டா உயிருக்கோ உடம்புக்கோ உடனடி ஆபத்துன்னு அதே நிறுவனம் சொல்லுது. அதுக்கு எவ்வளவு டொலுயீன் வேணும் தெரியுமா? 22 மில்லி. நம்ம டீக்கடை கிளாஸ்ல கால் கிளாஸ்! அப்பா உள்ள கொண்டு போனது ஒரு லிட்டர் டின்னு.

அரை லிட்டர் ஆவியாச்சுன்னா அந்தக் கிடங்குக் காத்தே தீப்பிடிக்கிற பதத்துக்கு வந்துடும். தரையோரத்துல அதுக்கு முன்னாடியே வந்துடும். வெளிச்சத்துக்குன்னு வயர் இழுத்துக் குண்டு பல்பை உள்ள தொங்க விடுறாங்க பாருங்க, எனக்கு ஈரக்கொலை நடுங்குது. டொலுயீன் 4 டிகிரியிலயே தீப்பிடிக்கிற அளவுக்கு ஆவி விடும். நம்ம ஊர் வெயில்ல சொல்லவே வேணாம். பீடி, செல்போன், சுவிட்ச் போர்டு, எதுவும் உள்ள போகக் கூடாது.

"வாசம் இப்ப இல்லையே, போயிருச்சே"ம்பாங்க. வாசம் அங்கதான் இருக்கு, மூக்குதான் பழகிப் போச்சு. கருவாட்டுக் கொட்டகையில பொறந்து வளந்தவங்களுக்குக் கருவாட்டு வாசம் தெரியுதா? அது மாதிரிதான். அதனால மூக்கை நம்பி உள்ள நிக்காதீங்க.

துண்டை முகத்துல கட்டுறதும் வீண். துணி தூசியைத் தடுக்கும், ஆவியைத் தடுக்காது. ஆஸ்பத்திரியில போடுற மாஸ்க்கும் அப்படித்தான். கரி வச்ச கார்ட்ரிட்ஜ் மாஸ்க்குன்னு தனியா இருக்கு, வெளியில ஸ்ப்ரே அடிக்கிறப்ப அது உதவும். ஆனா அதை மாட்டிக்கிட்டு மூடுன கிடங்குல தைரியமா இறங்காதீங்க. ஆவி ரொம்ப ஏறிப் போன இடத்துக்கு அது செஞ்சது இல்ல. உள்ள பிராணவாயு குறைஞ்சிருந்தா அது ஒண்ணும் பண்ணாது.

புற்றுநோய் வருமான்னு அம்மா கேட்டாங்க. டொலுயீனை மட்டும் வச்சு அப்படி முடிவு சொல்ற அளவுக்குச் சான்று இல்லன்னு உலகப் புற்றுநோய் ஆராய்ச்சி அமைப்பு வகைப்படுத்தியிருக்கு. அதோட கூடப்பிறந்தது மாதிரி பென்சீன்னு ஒண்ணு இருக்கு, அது உறுதியா புற்றுநோய் உண்டாக்கும். இதெல்லாம் தனித்தனிப் பொருளோட கதை. பெயிண்டர்ங்கிற தொழிலையே அந்த அமைப்பு 1989-ல புற்றுநோய் உண்டாக்குற வேலைன்னு பட்டியல்ல போட்டுருச்சு. அம்மாகிட்ட இதைச் சொல்ல எனக்கு மூணு நாள் ஆச்சு.

டொலுயீன் வருசக்கணக்கா உள்ள போனா ஞாபகம், கவனம், நிறம் பிரிச்சுப் பாக்குறது எல்லாம் குறையும். காதையும் பாதிக்கும். கிரைண்டர் சத்தமும் சேந்துட்டா காது இன்னும் சீக்கிரம் போகும். அப்பா டிவி சத்தத்தைக் கூட்டிக்கிட்டே போறார். அது தின்னரா, கிரைண்டரா, வயசான்னு என்னால பிரிச்சுச் சொல்ல முடியல.

சாயங்காலம் சரக்குப் போடுற அண்ணன்மாருக்கும் ஒண்ணு சொல்லணும். டொலுயீனை உடைச்சு மூத்திரத்துல வெளியேத்துறது ஈரல்தான். அதே நேரத்துல சாராயமும் உள்ள போனா ஈரல் அதைப் பாக்கப் போயிடும், டொலுயீன் ரத்தத்துலயே கூடுதல் நேரம் சுத்தும். அலுப்புக்குன்னு குடிக்கிறது அலுப்பைக் கூட்டுது.

அப்புறம் கை கழுவுறது. அப்பா கையைக் கிட்டக் காட்டுறேன். வெடிச்சு வெளிறிப் போயிருக்கு பாருங்க. தின்னர் பெயிண்டை மட்டும் கரைக்கல, தோல்ல இருக்கிற எண்ணெய்ப் பசையையும் சேத்துக் கரைச்சிடுது, கொஞ்சம் தோல் வழியா உள்ளயும் போகுது. காயாத எனாமலுக்குத் தேங்கெண்ணெய் போதும். நல்லாத் தேச்சு, பழைய துணியால துடைச்சு, அப்புறம் சோப்பு. கொஞ்சம் நேரம் கூட ஆகும், அவ்வளவுதான்.

வீட்டுல இருக்கிற அக்கா தங்கச்சிகளுக்கு: நெயில் பாலிஷ் அழிக்கிறது பெரும்பாலும் அசிடோன். டொலுயீன் அளவுக்கு விஷம் இல்ல, நம்ம உடம்பே கொஞ்சம் அசிடோன் உண்டாக்கும். ஆனா தீயில அது இதைவிட மோசம். அடுப்படியில உக்காந்து அழிக்காதீங்க. ஸ்டிக்கர் பசை எடுக்க, கறை எடுக்கன்னு தின்னர் எடுத்தா வாசல்ல வச்சு எடுங்க. வயித்துல பிள்ளையோட இருக்கிறவங்க தின்னர் பக்கமே வேணாம்.

தண்ணி பாட்டில்ல மட்டும் ஊத்தி வைக்காதீங்க, கெஞ்சிக் கேக்குறேன். பாக்கத் தண்ணி மாதிரியே இருக்கும். பிள்ளை குடிச்சிருச்சுன்னா வாந்தி எடுக்க வைக்காதீங்க. விரலை விடுறது, உப்புத் தண்ணி குடுக்குறது எதுவும் வேணாம். வாந்தி வர்றப்ப அது நுரையீரலுக்குள்ள போயிட்டா இன்னும் பெரிய ஆபத்து. 108-க்கு அடிங்க, டின்னையும் கையோட எடுத்துட்டுப் போங்க. மெத்தனால் கலந்திருந்தா கண் பார்வைக்கே வரும், டாக்டருக்கு அது உடனே தெரியணும்.

ஃபைபர் வேலை பாக்குற தம்பிங்களே, ரெசினுக்கு ஊத்துற ஹார்ட்னரையும் ஆக்ஸிலரேட்டரையும் நேரா ஒண்ணோட ஒண்ணு கலக்காதீங்க, வெடிக்கும். ஹார்ட்னர் கண்ணுல தெறிச்சா பார்வை போயிடலாம். கண்ணாடி போடுங்க. அதைப் பத்தித் தனியாப் பேசுறேன்.

மிச்சத் தின்னரை மணல்ல கொட்டாதீங்க. மூடி வச்சா பெயிண்ட் அடியில தங்கிடும், மேல தெளிஞ்சதை மறுபடி பிரஷ் கழுவ எடுத்துக்கலாம். காசும் மிச்சம்.

சரி, இந்த வருசம் நாங்க என்ன பண்றோம்னு காட்டுறேன். இங்கன பாருங்க, ப்ளோயர் மேல, வாயை விட்டுத் தள்ளி, காத்து வர்ற பக்கத்துல இருக்கு. இந்தப் பெரிய குழாய் கிடங்கோட அடி வரைக்கும் போகுது. நல்ல காத்தை அடியில தள்ளுனா கனமான ஆவி மேல ஏறி வெளிய வரும். மோட்டார் உள்ள போகல, அதனால மோட்டார்த் தீப்பொறி உள்ள விழாது. தின்னரை வெளியிலயே கலந்து சின்ன டப்பாவுல அடிக்கிற அளவு மட்டும் இறக்குறோம். கால் மணி நேரம் உள்ள, கால் மணி நேரம் வெளிய. முதல்ல அப்பா கோவப்பட்டார், "இப்படி அடிச்சா ரெண்டு நாள் வேலை நாலு நாளாகும்"னு. ஆகட்டும்.

இடுப்புல கயிறு கட்டியிருக்கு பாருங்க, மறுமுனை என்கிட்ட. ரெண்டு நிமிசத்துக்கு ஒரு தடவை "அப்பா"ம்பேன், அவர் "ம்"னு சொல்லணும். சொல்லலைன்னா இழுத்துருவோம், தம்பியும் கூட நிக்கிறான்.

இறங்குறார். எனக்கு ரெண்டு கையும் வேணும், கேமராவை நிறுத்துறேன்.