செய்தியில் இடம் பிடிக்க நான்கு வழிகள்

நேயர்களுக்கு வணக்கம்.

மேளம் அடிக்க வேண்டும், ஆட வேண்டும், குடித்துவிட்டு விழுந்து கிடக்க வேண்டும், இல்லையென்றால் செத்துப்போக வேண்டும். இந்த நான்கில் ஒன்று நடந்தால்தான் நம் ஆட்கள் செய்தியில் வருவார்கள் என்று கனடாவில் ஒரு பூர்வகுடிப் பெரியவர் சொன்னார். கேட்டுக்கொண்டிருந்தவர் டங்கன் மெக்கியூ. அவரே ஒரு தொலைக்காட்சி நிருபர். அந்தப் பேச்சை அவர் விடவில்லை. செய்திகளை அதை வைத்தே சோதித்துப் பார்த்தார். சாலையை மறித்து நிற்கும் போராளி என்று ஐந்தாவதாக ஒன்றையும் சேர்த்துக்கொண்டார்.

மெக்கியூ அனிஷினாபே என்ற பூர்வகுடி இனத்தவர். ஒன்டாரியோ மாகாணத்தின் சிம்கோ ஏரியில் உள்ள ஜார்ஜினா தீவுதான் அவருடைய மக்களின் ஊர். 17 வயதில் வடக்கு கியூபெக்கில் க்ரீ இனத்து வேட்டைக் குடும்பம் ஒன்றோடு ஐந்து மாதம் காட்டில் தங்கியிருக்கிறார். அப்புறம் சட்டம் படித்தார். வழக்கறிஞராகப் பதிவும் செய்தார். ஆனால் போய்ச் சேர்ந்தது வான்கூவரில், கனடாவின் பொது ஒலிபரப்பு நிறுவனமான சிபிசியின் தொலைக்காட்சியில். அங்கிருந்து ‘தி நேஷனல்’ என்ற இரவுச் செய்திக்குப் பல ஆண்டுகள் செய்தி அனுப்பினார்.

அவர் செய்ததில் எனக்குப் பெரிதாகப் படுவது, 2011-இல் சக நிருபர்களுக்காக இணையத்தில் வைத்த ஒரு வழிகாட்டி. ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தில் இதழியல் ஆய்வாளராக இருந்தபோது உருவாக்கியது. பூர்வகுடி ஊருக்குப் போகும் முன் என்ன படிக்க வேண்டும், போன பிறகு எப்படிப் பழக வேண்டும் என்று அதில் நிதானமாகச் சொல்கிறார். புகையிலை விஷயத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். பல சமூகங்களில் பெரியவர் ஒருவரிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளப் போகிறவர், முதலில் அவர் கையில் கொஞ்சம் புகையிலை கொடுப்பது மரபு. பேட்டிக்கு எதுவும் கொடுக்கக் கூடாது என்பது செய்தித் தொழிலின் விதி. நிருபர் என்ன செய்வார்? அது கூலி அல்ல, மரியாதை என்று புரிந்தால்தான் அங்கே பேச்சே தொடங்கும். சடங்குகளைப் படம் பிடிப்பதும் அப்படித்தான். கேட்காமல் கேமராவைத் திருப்பக் கூடாது. மாலைச் செய்திக்குள் எல்லாம் முடிய வேண்டும் என்று ஓடுகிறவருக்கு இது பெரிய தடையாகத் தெரியும். அந்த அவசரத்தில்தான், எளிதில் கையில் கிடைக்கிற மேளமும் ஆட்டமும் மட்டுமே படத்தில் விழுந்தன என்று நான் நினைக்கிறேன்.

கனடாவில் பூர்வகுடிப் பிள்ளைகள் சுமார் 1,50,000 பேரைக் குடும்பத்திலிருந்து பிரித்து உறைவிடப் பள்ளிகளில் அடைத்த வரலாறு உண்டு. அதை விசாரித்த உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 2015-இல் 94 பரிந்துரைகளைத் தந்தது. இதழியல் கல்லூரிகள் இந்த வரலாற்றைக் கட்டாயம் கற்பிக்க வேண்டும் என்பது அதில் 86-ஆவது. இது வருவதற்கு முன்பே பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் மெக்கியூ அந்த வகையில் ஒரு பாடத்தை நடத்திக்கொண்டிருந்தார். மாணவர்களை வகுப்பறையில் உட்கார வைக்காமல் பூர்வகுடி ஊர்களுக்கே அனுப்பிச் செய்தி எழுத வைத்தார்.

2016 முதல் 2020 வரை நாடு முழுவதும் நேயர்கள் தொலைபேசியில் பேசும் வானொலி நிகழ்ச்சியை நடத்தினார். 2022-இல், பிரிட்டிஷ் கொலம்பியாவின் கூப்பர் தீவில் இருந்த உறைவிடப் பள்ளியைப் பற்றி ஒலித்தொடர் ஒன்றைச் செய்தார். அங்கே படித்து உயிர் பிழைத்தவர்கள் தங்கள் கதையைத் தாங்களே சொல்ல, அவசரப்படுத்தாமல் கேட்ட தொடர் அது.

2023-இல் சிபிசியை விட்டு ஒட்டாவாவின் கார்ல்டன் பல்கலைக்கழகத்துக்குப் போனார். இப்போது முழுநேரமாக இதழியல் கற்பிக்கிறார்.

நன்றி, வணக்கம்.