கணக்கில் சேர்த்தவர்: ஜாவேத் ஆபிதி

[திரையில்: கணக்கெடுப்புப் படிவம்]

1991-ல் மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்கு வீடு வீடாக வந்தவர்கள் வயது, படிப்பு, வேலை எல்லாம் கேட்டார்கள். வீட்டில் பார்வை இல்லாதவரோ நடக்க முடியாதவரோ உண்டா என்று மட்டும் கேட்கவில்லை. படிவத்தில் அந்தக் கேள்வியே கிடையாது. ஆளே கணக்கில் இல்லை என்றால் அவருக்கு யார் நிதி ஒதுக்குவார்கள்? இதை விடாமல் கேட்டவர் ஜாவேத் ஆபிதி.

[திரையில்: ஜாவேத் ஆபிதி, 1965–2018]

அலிகரில் பிறந்தவர். முதுகுத்தண்டு முழுதாக மூடாத ஸ்பைனா பிஃபிடா பிறவியிலேயே இருந்தது. பதின்வயதில் சக்கர நாற்காலிக்கு வந்துவிட்டார். அமெரிக்காவில் இதழியல் படித்துத் திரும்பியவரை, ராஜீவ் காந்தி அறக்கட்டளை மாற்றுத்திறனாளிகள் பிரிவுக்கு அழைத்தது.

1995 டிசம்பர். மாற்றுத்திறனாளிகளுக்கான மசோதா நிறைவேறாமலே கூட்டத்தொடர் முடிந்துவிடும் போலிருந்தது. சக்கர நாற்காலியிலும் ஊன்றுகோலிலும் வந்தவர்களைத் திரட்டி டெல்லியில் போராட்டம் நடத்தினார். சில நாட்களிலேயே சட்டம் நிறைவேறியது. அரசு வேலையில் 3 சதவீத இடஒதுக்கீடு அதில் இருந்தது.

சட்டம் வந்துவிட்டது, சரி. விமானத்தில் எப்படி ஏறுவது?

[திரையில்: விமானப் படிக்கட்டு]

இந்தப் படிக்கட்டைப் பாருங்கள். நடக்க முடியாதவரை யாராவது தூக்கிக்கொண்டுதான் ஏற வேண்டும். உள்ளே போனாலும் இருக்கை வரிசைகளுக்கு நடுவே வழக்கமான சக்கர நாற்காலி நுழையாது. அதற்கென்றே ஒடுக்கமான நாற்காலி வேண்டும். விமானக் கதவு வரை நாற்காலியோடு உயர்த்த ஆம்புலிஃப்ட் வேண்டும். இவற்றோடு கட்டணச் சலுகையும் கேட்டு ஆபிதி உச்ச நீதிமன்றம் போனார். இந்தியன் ஏர்லைன்ஸில் பார்வையற்றவர்களுக்கு இருந்த கட்டணச் சலுகை, 80 சதவீதமும் அதற்கு மேலும் கை கால் இயக்கக் குறைபாடு உள்ளவர்களுக்கும் உண்டு என்று 1998-ல் தீர்ப்பானது. என்னைக் கேட்டால், சலுகையைவிட அந்த லிஃப்ட்தான் பெரிய விஷயம். யார் கையையும் எதிர்பார்க்காமல், டிக்கெட் வாங்கிய பயணியாகவே ஒருவர் ஏற முடிகிறதே!

அப்புறம் அந்தக் கணக்கெடுப்பு. தொடர்ந்து கொடுத்த அழுத்தத்தால் 2001 படிவத்தில் கேள்வி இடம்பெற்றது. 2.19 கோடி பேர் என்று வந்தது. இதுவும் குறைவுதான் என்று ஆபிதி வாதிட்டார். கேட்கிறவருக்குச் சரியாகக் கேட்கத் தெரியாவிட்டால், அல்லது வீட்டார் சொல்லத் தயங்கினால், எண்ணிக்கை குறையத்தானே செய்யும்?

2004 தேர்தலின்போது வாக்குச்சாவடிகளில் சாய்தளம் கேட்டும் ஆபிதி நீதிமன்றத்தை நாடினார்.

1995 சட்டத்துக்குப் பதிலாக வந்த புதிய சட்டத்துக்கான மசோதாவில் மாற்றுத்திறனாளிகள் இயக்கத்துக்குள்ளேயே பிளவு இருந்தது. உரிமைகளை நீர்த்துப்போகச் செய்கிறது என்று சிலர் எதிர்த்தார்கள். குறைகளைப் பிறகு திருத்திக்கொள்ளலாம், முதலில் நிறைவேறட்டும் என்ற பக்கம் நின்றார் ஆபிதி. 2016 டிசம்பரில் நிறைவேறியது. காலமாவதற்கு முன் அதை அவர் பார்த்துவிட்டார்.

[திரையில்: 7 → 21]

முந்தைய சட்டத்தில் 7 வகைக் குறைபாடுகள்தான், இதில் 21. ஆட்டிசம், தலசீமியா, ஆசிட் வீச்சால் வந்த பாதிப்பு எல்லாம் இப்போது உள்ளே. இடஒதுக்கீடும் 4 சதவீதம் ஆனது. உங்களுக்கோ வீட்டில் யாருக்கோ இருக்கும் குறைபாடு அந்தப் பட்டியலில் வருகிறதா என்று பாருங்கள். 40 சதவீதமும் அதற்கு மேலும் என்று மருத்துவச் சான்றிதழ் இருந்தால், அரசு வேலைக்கு விண்ணப்பிக்கும்போது அதைக் காட்டி இடஒதுக்கீடு கேட்கலாம்; ஆனால் தலசீமியா போன்ற சில வகைகளுக்கு வேலை இடஒதுக்கீடு இல்லை.